நாற்பதுக்கு மேற்பட்டோர் ஓட்டம்

எழுத்து என்று ஒன்று கண்ணில் பட்டால் நிரோஜினியால் வாசிக்காமல் விட முடியாது. மருந்துப் பெட்டிக்குள் மடித்து வைத்திருக்கும் துண்டுத்தாளை முழுக்க வாசித்த பிறகுதான் குளிசையை வாயில் போடுவாள். ரயிலில் பக்கத்து ஆளின் தொலைபேசியில் வந்த செய்தியை வாசிப்பாள். அந்த ஆள் திரும்பி முறைத்தால் மிச்சத்தையும் வாசித்துவிட்டுத்தான் முகத்தைத் திருப்புவாள். பாரிசுக்கு வெளியே சார்செலில் அவளுடைய கட்டடத்துப் பெண்கள் இந்தக் குணத்துக்கு ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள். அது இங்கே வேண்டாம்.

இந்தக் குணம்தான் அவளுக்குச் சோறும் போடுகிறது. பாரிசின் தமிழ்க் கடைத்தெருவான லா சப்பலில், ரயில் பாலத்துக்கு அருகே ஒரு மொழிபெயர்ப்பு அலுவலகத்தில் பதினாறு வருடமாக வேலை செய்கிறாள். பிறப்பு, கலியாணம், இறப்பு என்று மனிதருக்கு நடக்கிற மூன்று பெரிய சங்கதிகளின் அத்தாட்சிப் பத்திரங்களையும் தமிழிலிருந்து பிரெஞ்சுக்கு மாற்றுவது அவள் வேலை. ஒன்பது வயதில் தாயின் கையைப் பிடித்துக்கொண்டு இங்கே வந்தவள். அவள் பிறந்த நாளும் அவளுடைய அடையாள அட்டையில் இருக்கிற நாளும் ஒன்றுதான். அந்தப் பாக்கியம் லா சப்பலில் எல்லோருக்கும் வாய்த்ததல்ல என்பது இந்த வேலைக்கு வந்த பிறகுதான் அவளுக்குத் தெரியும்.

போன மார்ச் மாதம் ஒரு மத்தியானம், சேலைக்கடை ஞானசுந்தரம் அவளைக் கூப்பிட்டனுப்பினார். ஆளுக்கு எழுபது வயது. கடையை விற்றுவிட்டார்.

"பிள்ளை, இந்த மாதம் முப்பதோடை கடைத் திறப்பை வாங்கினவனிட்டைக் குடுக்கிறன். கீழ் அறையிலை ஆறு கல்லூரியின்ரை ரெண்டு பெட்டி கிடக்கு. நீ வாசிக்கிற ஆள், கொண்டு போ. கேடயத்தைப் பூபெல்லிலை போடப் போறன்."

"கேடயத்தை ஏன் குப்பையிலை போடுறியள்? கடைசியா வெண்டவையிட்டைக் குடுங்கோவன்."

"அது முடியேல்லை பிள்ளை."

"போட்டி முடியேல்லையோ?"

"போட்டி முடிஞ்சது. ஆர் வெண்டதெண்டு முடியேல்லை." சொல்லிவிட்டு அவர் பல நாளாக மடித்தே கிடந்த ஒரு சேலையை விரித்து மறுபடி மடிக்கத் தொடங்கினார்.

இப்படி ஒரு பதிலை வேறு யாருக்காவது சொல்லியிருந்தால் பரவாயில்லை. நிரோஜினிக்குச் சொன்னது அவருடைய பிழை. பெட்டி இரண்டையும் கேடயத்தையும் தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு அன்றைக்கே புறநகர் ரயிலில் சார்செலுக்குப் போனாள். ரயிலில் இருந்தபடியே முதல் கொப்பியைத் திறந்துவிட்டாள்.

ஆறு கல்லூரி மெய்வல்லுநர் ஒன்றியம் என்பது அதன் முழுப் பெயர். 1968இல் யாழ்ப்பாணக் குடாநாட்டின் கிழக்குக் கரையோரத்தில் இருந்த ஆறு சின்னக் கல்லூரிகள் சேர்ந்து தொடங்கியது. பட்டினத்துப் பெரிய கல்லூரிகளோடு ஓடப் போனால் முதற் சுற்றிலேயே மூட்டை கட்ட வேண்டியிருந்தது. ஆகவே ஆறு அதிபர்களும் ஒரு தபாற்கந்தோர் விறாந்தையில் கூடி, "எங்களுக்குள் நாங்களே ஓடுவோம்" என்று முடிவெடுத்தார்கள். ஆணி வைத்த சப்பாத்து வாங்க ஒரு கல்லூரிக்குத்தான் வசதி இருந்தது. அதனால் எல்லோரும் வெறுங்காலோடுதான் ஓட வேண்டும் என்று முதல் விதியை எழுதினார்கள்.

நிரோஜினிக்கு வாசிக்க வாசிக்க ருசி ஏறியது. 1971இல் எறிந்த ஈட்டி வேலிக்கு அப்பால் நின்ற ஆட்டில் பட்டுவிட்டது. ஆட்டுக்காரரைச் சமாதானப்படுத்த அடுத்த வருடம் அவரையே பிரதம விருந்தினராக அழைத்தார்கள். 1973இல் பதிவு மேசையில் இருந்த வாத்தியார் இரண்டு பையன்களின் பெயரை மாற்றி எழுதியதில் ஒரு வருடம் முழுக்கச் சண்டை. அதிலிருந்து இன்னொரு விதி பிறந்தது. 1985இல் வழியில் இராணுவம் முகாம் போட்டுப் பாதையை மூடியதால் ஒரு கல்லூரி வர முடியவில்லை. ஓட்டம் தொடங்கி வைத்தவர் அந்தக் கல்லூரியின் பெயரை இரண்டு தரம் கூப்பிட்டார். கோட்டில் ஒரு ஆள் நிற்கிற இடத்தை வெறுமையாக விட்டார். 1986இல் இரண்டு இடம் வெறுமை. அந்தப் பக்கத்தின் அடியில், "அடுத்த ஆண்டுப் போட்டியின் திகதி பின்னர் அறிவிக்கப்படும்" என்று இருந்தது.

அடுத்த பக்கத்தைப் புரட்டினாள். அதே கொப்பி. "1998, பாரிஸ்" என்று புதிய மையில் தொடங்கியது. யாரோ அந்தக் கொப்பியைச் சூட்கேசில் உடுப்போடு உடுப்பாக வைத்துக் கொண்டுவந்திருக்கிறார்கள். பன்னிரண்டு வருடம் ஒரு தாளின் முன்பக்கத்துக்கும் பின்பக்கத்துக்கும் நடுவில் கிடந்தது.

பாரிசில் நான்கு கல்லூரியின் பழைய மாணவர்கள்தான் தேறினார்கள். ஆனாலும் பெயர் ஆறு கல்லூரிதான். வராத இரண்டின் பெயரையும் ஒவ்வொரு ஓட்டத்துக்கும் இரண்டு தரம் கூப்பிட்டு, இரண்டு இடம் விட்டுத்தான் தொடங்கினார்கள். வெறுங்கால் விதியையும் விடவில்லை. மைதானத்தைப் பார்த்துக்கொள்ளும் பிரெஞ்சுக்காரர், பெரிய மனிதர்கள் குளிரில் சப்பாத்தைக் கழற்றுவதைப் பார்த்து, இது சமயச் சடங்கா என்று கேட்டதும் கொப்பியில் பதிவாகியிருக்கிறது.

பதினொரு வருடம் நடந்தது. கடைசிக் குறிப்பு 2008 ஜூன் 22. "நாற்பது வயதுக்கு மேற்பட்டோருக்கான 1500 மீற்றர் ஓட்டம் பற்றிய ஆட்சேபம் பரிசீலிக்கப்பட்டது. கூட்டம் ஒத்திவைக்கப்பட்டது." அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. நாவலடிக் கல்லூரி 84 புள்ளி, புளியந்துறைக் கல்லூரி 81 என்று பென்சிலால் எழுதி, மை போடாமலே விட்டிருந்தார்கள்.

அன்றைக்கு நிரோஜினியும் அந்த மைதானத்தில் இருந்தவள். பிரெஞ்சும் தமிழும் எழுதத் தெரிந்த பெண்பிள்ளை வேண்டும் என்று, போட்டியை நடத்திய குழுவில் இருந்த ஞானசுந்தரம் கேட்டதால் காலையில் பதிவு மேசையில் உட்கார்ந்தாள். அப்போது அவள் வயிற்றில் பிள்ளை. வெயில் ஒத்துவராமல் மத்தியானத்தோடு வீட்டுக்குப் போய்விட்டாள். பின்னேரம் நடந்த சண்டை அவளுக்குத் தெரியாது. அடுத்த வருடம் போட்டி இல்லை என்றதும், பெரியவர்களுக்குள் ஏதோ மனக்கசப்பு என்று நினைத்துக்கொண்டாள். அவளைப் போன்ற ஒருத்தி பதினேழு வருடமாக ஏன் என்று கேட்காமல் இருந்ததுதான் அதிசயம்.

ஆட்சேபம் சொன்னவர் புளியந்துறைக் கரிகாலன். ஒப்பேரா பக்கத்தில் ஒரு ரெஸ்ரோறண்டில் சமையல். திங்கட்கிழமை லீவு, லா சப்பல் தேநீர்க் கடையில் உட்கார்ந்து உலகத்தைத் திருத்துவார். கேட்டதுதான் தாமதம், மடை திறந்துவிட்டது.

"வெண்டவன் றஜீவன், நாவலடி. அவன் கள்ளன், தங்கச்சி. என்ரை தம்பியோடை ஒரே டியூசனிலை ஒரே வாங்கிலை இருந்து படிச்சவன். தம்பிக்கு அப்ப முப்பத்தாறு வயசு. அவன் எப்பிடி நாப்பதுக்கு மேலை ஓடுவான்? எனக்கு நாப்பத்திமூண்டு. மூச்சுத் தள்ள ரெண்டாவதா வந்தனான்."

"கூட்டத்திலை சொன்னனீங்களோ?"

"சொன்னனான். எழுத்திலை தா எண்டார் ஞானசுந்தரண்ணை. பேனையையும் தந்தார்." கரிகாலன் தேநீரை ஒருமுறை சுற்றிக் கலக்கினார். "எழுதேல்லை."

"ஏன்?"

"அவன் வந்த பாஸ்போட் ஏஜென்சிக்காரன் குடுத்தது. அதிலை இருந்த திகதிதான் இங்கத்தை அடையாளக் கார்த்திலை விழுந்தது. அந்த நேரம் பிரெஞ்சு நசனாலித்தேக்கும் விண்ணப்பம் போட்டிருந்தவன். திகதி பிழையெண்டு நான் ஒரு பேப்பரிலை எழுதி, அது எங்கையாவது போய்ச் சேர்ந்தா? கேடயம் போனாப் போகட்டும். ஒருத்தன்ரை சீவியத்திலை நான் கை வைக்க மாட்டன்."

எழுத மாட்டாராம். ஆனால் பதினேழு வருடமாக வாயால் சொல்லிக்கொண்டே இருந்திருக்கிறார். கலியாண வீடுகளில் றஜீவனைக் கண்டவர்கள், "இண்டைக்கு எந்த வயசிலை வந்திருக்கிறாய்?" என்று கேட்டுச் சிரித்திருக்கிறார்கள். கொஞ்சக் காலத்தில் அவன் லா சப்பல் பக்கமே வருவதை விட்டுவிட்டான். எழுதாத சொல் காற்றோடு போய்விடும் என்று கரிகாலன் நினைத்திருக்கிறார் போலும்.

நிரோஜினி திரும்பவும் சேலைக்கடைக்குப் போனாள். சேலை அடுக்கும் றாக்கைகள் பாதி காலி.

"குழு ஏன் முடிவு எழுதேல்லை, ஐயா?"

"சும்மா கிடந்த சங்கை ஏன் பிள்ளை ஊதுறாய்?" என்றார் ஞானசுந்தரம். அவள் போகவில்லை. அவருக்கும் சொல்ல ஆசை இருந்திருக்க வேண்டும். கதவை ஒருக்களித்துச் சாத்தினார். "வயசுக்கு அத்தாட்சி கார்த்துத்தான் எண்டு நாங்களே விதி வைச்சனாங்கள். கார்த்துச் சரியெண்டு எழுதினாப் புளியந்துறை சிரிக்கும். பிழையெண்டு எழுதினா, பேந்து எல்லாற்றை கார்த்தையும் பாக்கவேணும். குழுவிலை ஒன்பது பேர். அதிலை ஆறு பேருக்குக் கார்த்திலை ஜனவரி முதலாம் திகதி பிறந்தநாள்; திகதி தெரியாட்டிக் கந்தோரிலை போடுற திகதி."

"உங்களுக்கு?"

"எனக்கும் இங்கிலீசு வருசப்பிறப்புத்தான்" என்றார் அவர்.

ஒன்பது பேரும் ஒரு மணித்தியாலம் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தார்களாம். பிறகு யாரோ ஒத்திவைப்போம் என்றார். அத்தோடு ஆறு கல்லூரி படுத்துவிட்டது. போரிலிருந்து சூட்கேசில் தப்பி வந்த ஒன்றியம், ஒரு வரியை எழுதப் பயந்து செத்துப்போனது.

இதோடு நிறுத்தியிருந்தால் நிரோஜினிக்கு நல்லது. ஆனால் இரண்டாவது பெட்டியை அவள் இன்னும் வாசித்து முடிக்கவில்லை. அதற்குள் 2008இன் பதிவுப் படிவங்கள் இருந்தன. சனிக்கிழமை காலையில் சமையலறை மேசையில் பரப்பி வைத்துக்கொண்டு, றஜீவனின் படிவத்தைத் தேடி எடுத்தாள். ஏமாற்றுக்காரனின் கையெழுத்து எப்படி இருக்கும் என்று பார்க்கிற ஆசைதான்.

பிரிவு என்ற இடத்தில், உருண்டையான எழுத்தில், "40 வயதுக்குக் கீழ்" என்று அவன் எழுதியிருந்தான்.

அதைச் சிவப்புப் பேனாவால் வெட்டி, மேலே "40 வயதுக்கு மேல்" என்று வேறு யாரோ திருத்தியிருந்தார்கள். பக்கத்தில் பிரெஞ்சில் ஒரு சிறு குறிப்பு: அட்டையின்படி. அந்த மேசையில் பிரெஞ்சு எழுதத் தெரிந்த ஆள் ஒருத்திதான்.

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதைதான். அவள் படிவத்தைத் திருப்பிப் போட்டாள், மறுபடி எடுத்தாள். அந்தக் காலை முழுவதும் ஞாபகத்துக்கு வந்தது. வரிசையில் ஒல்லியாக ஒருவன். "தங்கச்சி, நான் மற்றப் பிரிவிலை ஓடுறன்" என்று மெல்லச் சொன்னான். "அண்ணை, கார்த்திலை நாப்பத்திரண்டு எண்டு இருக்கே!" என்று அவள் எல்லோருக்கும் கேட்கச் சிரித்தாள். அவன் அவளுடைய முகத்தைப் பார்த்தான். பிறகு இலக்கத் துண்டை வாங்கிக்கொண்டு போனான். ஒரு பிழையைப் பிடித்துவிட்டோம் என்று அன்றைக்கு அவளுக்கு எவ்வளவு பெருமை! இப்போது நினைக்க முகம் எரிந்தது. ஒரு மனுசனுக்குக் கள்ளன் என்ற பெயரைச் சிவப்பு மையில் எழுதிக் கொடுத்தவள் அவள்தான். இந்தப் பதினாறு வருடத்தில் எத்தனை ஆயிரம் திகதிகளை மொழிபெயர்த்தாள்? பின்னால் வந்த அந்த அறிவு முன்னால் நின்ற அவனுக்கு உதவவில்லை.

மறுநாள் விலாசம் விசாரித்துக்கொண்டு கூசேன்விலுக்குப் போனாள். றஜீவன் றுவாசி விமான நிலையத்தில் பயணப்பெட்டி ஏற்றுகிற வேலை. கதவைத் திறந்தவன் ஒரு கணம் பார்த்துவிட்டு, "மேசையிலை இருந்த தங்கச்சி" என்றான். ஆளை மறக்கவில்லை. உள்ளே கூட்டிப்போய்த் தேநீர் வைத்தான். அவள் படிவத்தை மேசையில் வைத்து, நேரடியாகவே சொன்னாள்.

"அண்ணை, இது நான் செய்த பிழை. என்னை மன்னிக்கவேணும்."

"தெரியும். நீங்கள் வெட்டேக்கை நான் பாத்துக்கொண்டுதானே நிண்டனான்."

"ஏன் ஒரு சொல்லும் சொல்லேல்லை?"

"என்னெண்டு சொல்லுறது? பின்னாலை முப்பது பேர் நிக்கினம். என்ரை கார்த்துப் பொய்யெண்டு சத்தமாச் சொல்லச் சொல்லுறியளோ?" அவன் சிரித்தான். "ஓடாமல் திரும்பிப் போயிருக்கலாம்தான். ஆனா ஓட ஆசையா இருந்தது, தங்கச்சி. ஆறு மாதமா வேலை முடிய ஓடிப் பழகினனான். வெல்லாமல் விட்டிருக்கலாம் எண்டும் பேந்து யோசிச்சனான். ஓடத் தொடங்கினாப் பிறகு அது வருமே?"

எல்லோரிடமும் போய் நடந்ததைச் சொல்கிறேன் என்றாள் அவள். அவன் பதறிக் கையை உயர்த்தினான்.

"கார்த்தைப் பற்றி ஒரு சொல்லும் வேண்டாம். குடியுரிமையும் அந்தத் திகதியிலைதான், பென்சனும் அந்தத் திகதியிலைதான் வரும்." பிறகு, தேநீர்க் கோப்பையைப் பார்த்தபடி, "அந்தக் கள்ளன் எண்ட சொல் மட்டும் போனாக் காணும். மற்றதெல்லாம் கிடக்கட்டும்" என்றான்.

திரும்பி வருகிற ரயிலில் நிரோஜினி மண்டையை உடைத்துக்கொண்டாள். உண்மையைச் சொன்னால் அவன் காகிதங்களுக்கு ஆபத்து. சொல்லாமல் விட்டால் அவன் கள்ளன். இரண்டுக்கும் நடுவே ஒரு வழி வேண்டும். வேறொருத்தியாக இருந்தால் கோயிலுக்கு நேர்ந்திருப்பாள். இவள் பெட்டியிலிருந்து எடுத்துப் பைக்குள் கொண்டுவந்திருந்த 1968இன் விதிப் புத்தகத்தை, அட்டையிலிருந்து தொடங்கி, வாசிக்கத் தொடங்கினாள். சார்செல் வருவதற்குள் கிடைத்துவிட்டது. 1973இல் அந்த வாத்தியாரின் பிழைக்குப் பிறகு சேர்த்த பதினான்காம் விதி: "பதிவு மேசையின் தவறால் பாதிக்கப்பட்ட ஓட்டம் செல்லாது. அதே ஆட்கள், அதே பிரிவில் மீண்டும் ஓட வேண்டும். அதுவரை கேடயம் ஒருவருக்கும் இல்லை." ரயிலில் இருந்தபடியே அவள் கைதட்டிவிட்டாள். பக்கத்தில் இருந்தவர் எழுந்து வேறு இருக்கைக்குப் போனார்.

அடுத்த திங்கட்கிழமை தேநீர்க் கடையில் கரிகாலன் முன்னால் படிவத்தை வைத்தாள். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தார்.

"அப்ப அவன் மற்றதுக்கோ எழுதினவன்?"

"ஓம் அண்ணை. வெட்டினது நான்."

"இதை எனக்கு ஒருத்தரும் காட்டேல்லையே" என்றார். இரண்டாவது முறையும் அதையே சொன்னார். எழும்பிப் போகும்போதுதான், "எங்கை, எப்ப ஓடவேணும்?" என்று கேட்டார்.

ஜூன் மாதம் ஒரு விடுமுறைத் திங்கட்கிழமை காலையில், சார்செலுக்குப் பக்கத்துப் பழைய மைதானத்தில் முப்பது பேரளவில் கூடிவிட்டார்கள். 2008இல் மூன்றாவதாக வந்தவர் லியோனிலிருந்து, "முழங்கால் இல்லை, மன்னிக்கவும்" என்று செய்தி அனுப்பியிருந்தார். நிரோஜினி கொப்பியைத் திறந்து, தான் எழுதியதை நின்றபடி வாசித்தாள்.

"2008 ஜூன் 22இல் பதிவு மேசையில் இருந்த நான் ஒரு பிழை விட்டேன். ஓடியவர் எவரிலும் பிழை இல்லை. விதி பதினான்கின்படி அந்த ஓட்டம் செல்லாது. நிரோஜினி."

அட்டை என்ற சொல் அதில் இல்லை. ஆனாலும் அங்கே நின்றவர்கள் எல்லோருக்கும் விளங்கியது. ஜனவரி முதலாம் திகதிக்காரர்களுக்கு மற்றவர்களை விடக் கொஞ்சம் கூடுதலாகவே விளங்கியது.

பிறகு அவள் மேசையில் உட்கார்ந்தாள். றஜீவன் வந்து நின்று, பழக்கத்தில் சட்டைப்பைக்குள் கையை விட்டு அட்டையை எடுத்தான். அவள் அதை வாங்கவில்லை.

"நாப்பதுக்கு மேலையோ அண்ணை?"

அவன் அட்டையைப் பார்த்தான். ஐம்பத்தொன்பது. அட்டை இல்லாமல் பார்த்தாலும் ஐம்பத்துமூன்று முடிந்து ஐம்பத்துநாலு நடக்கிறது. எந்தக் கணக்கில் பார்த்தாலும் பதில் ஒன்றுதான். அதை அவன் அப்போதுதான் உணர்ந்தான் போலிருந்தது; முகம் மெல்ல விரிந்தது.

"ஓம் தங்கச்சி" என்றான். "நாப்பதுக்கு மேலைதான்."

இருவரும் சப்பாத்தைக் கழற்றினார்கள். ஞானசுந்தரம் கோட்டருகே நின்று ஆறு கல்லூரியின் பெயரையும் கூப்பிட்டார். பதில் வராத நான்கின் பெயரையும் இரண்டு தரம் கூப்பிட்டு, நான்கு இடம் விட்டு, விசிலை ஊதினார். முதல் இரண்டு சுற்றும் றஜீவன் முன்னால். மூன்றாம் சுற்றில், பெட்டி தூக்கித் தேய்ந்த இடது முழங்கால் அவனைப் பிடித்து இழுத்தது. கடைசி வளைவில் அறுபது வயதுக் கரிகாலன், வாய் திறந்து, தொந்தி குலுங்க, அவனைத் தாண்டினார். ஏழெட்டு மீற்றர் இடைவெளி. செல்லாத ஓட்டத்தின் புள்ளிகளைக் கழித்து, புதியதைக் கூட்டி, நிரோஜினி மையால் எழுதினாள்: புளியந்துறை 83, நாவலடி 82.

கேடயத்தைக் கரிகாலனிடம் கொடுத்தார்கள். அவர் அதைப் புல்லில் வைத்துவிட்டு, குனிந்து முழங்காலைப் பிடித்துக்கொண்டிருந்த றஜீவனிடம் போனார். "தம்பி, நான் வாயாலை செய்த அநியாயத்துக்கு என்ன செய்யிறது?" என்று எல்லோருக்கும் கேட்கவே கேட்டார்.

றஜீவன் நிமிர்ந்தான். மூச்சு வாங்கியது, கண் கலங்கியிருந்தது, ஆனால் சிரித்துக்கொண்டிருந்தான்.

"விடுங்கோ அண்ணை. பிரான்சுக்கு வந்து இண்டைக்குத்தான் முதல்முதலா என்ரை சொந்த வயசிலை ஓடியிருக்கிறன்."

நிரோஜினியின் கையில் பேனா திறந்தபடி இருந்தது. முப்பது பேருக்கும் கேட்டது. அவள் பேனாவை மூடினாள். அதை மட்டும் எழுதவில்லை.